உப்புத் தண்ணீர் ஊரில் நீர் ஆமையின் ஓட்டைக் காப்பது எப்படி?

தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் நீர் ஆமை வளர்க்கும் வீடுகளில் ஒரு கலவரம் தவறாமல் வரும். ஆமை கல் மேல் ஏறிக் காய்ந்ததும் ஓடு முழுக்கத் திட்டுத் திட்டாக வெள்ளை தெரியும். பூஞ்சை பிடித்துவிட்டது என்று ஒருவர் மஞ்சள் பூசுவார். இன்னொருவர் தேங்காய் எண்ணெய் தடவுவார். வேறொருவர் மீன் கடையில் நீல மருந்து வாங்கிவந்து தொட்டியில் கொட்டிவிடுவார். பெரும்பாலும் அது நோயே இல்லை. குளியலறைக் குழாயின் வாயில் படிகிறதே, அதே உப்புதான். ஆனால் சில சமயம் அது உண்மையான நோயாகவும் இருக்கும். அப்போது எண்ணெயும் மஞ்சளும் அதை மூடி மறைத்து உள்ளே வளரவிடும்.

புதிதாக ஆமை வாங்கியவர்களுக்கும் வாங்க நினைப்பவர்களுக்கும் இதை எழுதுகிறேன். ஓட்டுக்கு என்ன தடவலாம் என்பதே எல்லாருடைய கேள்வியும். தண்ணீர், வெயில், தீனி மூன்றும் சரியாக இருந்தால் ஆரோக்கியமான ஓட்டுக்கு எதையும் தடவ வேண்டிய தேவை வராது. அந்த மூன்றையும் நம் ஊர் நிலவரத்தில் எப்படிச் சரிசெய்வது என்று பார்ப்போம்.

எந்த ஆமை என்று முதலில் பாருங்கள்

கடைகளில் பச்சை நிறத்தில் ரூபாய் நாணயத்தைவிடச் சற்றுப் பெரிதாக விற்கப்படுவது பெரும்பாலும் ரெட் இயர்டு ஸ்லைடர். கண்ணுக்குப் பின்னால் சிவப்புக் கோடு இருக்கும். தாயகம் வட அமெரிக்கா. இந்தக் கட்டுரை முழுவதும் அதைப் பற்றியதே. அயல்நாட்டு விலங்குகள் குறித்த விதிகள் மாறிவருவதால், கடை ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். மாவட்ட வன அலுவலகத்தில் ஒருமுறை விசாரித்தும் கொள்ளுங்கள்.

ஏரியிலோ அணையிலோ பிடித்த ஆமை என்றால் பேச்சே வேறு. பாலாமை, நட்சத்திர ஆமை போன்ற நம் நாட்டு இனங்கள் 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் பாதுகாக்கப்பட்டவை. வீட்டில் வைத்திருப்பதே குற்றம், சிறைத் தண்டனை உண்டு. "பிள்ளை ஆசையாகக் கேட்டான்" என்பதெல்லாம் அங்கே செல்லாது. வனத்துறைக்குத் தகவல் சொல்லி ஒப்படைத்துவிடுங்கள்.

வாங்கும் முன் இன்னொன்றையும் யோசியுங்கள். இந்தக் குட்டி 20, 30 ஆண்டுகள் வாழக்கூடியது. பெண் ஆமையின் ஓடு 25 முதல் 30 சென்டிமீட்டர் வரை வளரும். பிளாஸ்டிக் தென்னை மரம் நட்ட சின்னக் கிண்ணத்தோடு சேர்த்து இதை விற்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. அந்தக் கிண்ணத்தில் ஓடு ஒழுங்காக வளர வழியே இல்லை.

ஓடு என்பது எலும்பு

ஆமையின் முதுகெலும்பும் விலா எலும்புகளும் விரிந்து ஒன்றோடொன்று இணைந்து உருவானதே ஓடு. அதற்குள் இரத்த ஓட்டம் உண்டு, உணர்ச்சி நரம்புகள் உண்டு. தட்டினால் ஆமைக்குத் தெரியும், கீறினால் வலிக்கும். எலும்பின் மேல் கெரட்டின் தகடுகள் போர்த்தியிருக்கும். மேலோட்டில் நடுவரிசையில் 5, இருபுறமும் நான்கு நான்காக 8, விளிம்பைச் சுற்றிச் சிறியவை 25. ஆமை வளர வளர இந்தத் தகடுகளின் மேற்படலம் ஒவ்வொன்றாக உரியும். வெங்காயச் சருகு போல மெல்லியதாக, ஒளி ஊடுருவுவதாக, தகட்டின் வடிவம் மாறாமல் தண்ணீரில் மிதக்கும். அதைக் கண்டு பயப்பட வேண்டாம். பாதி உரிந்து தொங்கினாலும் நகத்தால் பிய்க்காதீர்கள். அடியில் இருக்கும் புதுத் தகடு இன்னும் இறுகியிருக்காது. பிய்த்த இடத்தில் கிருமி எளிதாகப் புகும்.

தண்ணீர்: இதில்தான் நம் ஊர்க்காரர்கள் அதிகம் கவனிக்க வேண்டும்

இங்கே பல வீடுகளில் இரண்டு தண்ணீர் உண்டு. ஒன்று போர் தண்ணீர், மற்றொன்று ஒகேனக்கல் தண்ணீர். நிலத்தடி நீரில் புளோரைடு மிகுந்து பல்லும் எலும்பும் பாதிக்கப்பட்டதால்தான் ஜப்பான் நிதியுதவியுடன் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் கொண்டுவரப்பட்டு, 2013இல் இரு மாவட்டங்களுக்கும் தண்ணீர் வரத் தொடங்கியது. ஆமைத் தொட்டியைப் பொறுத்தவரை இரண்டுக்கும் தனித்தனிச் சிக்கல்.

போர் தண்ணீர் கடினமானது. வாளியில் வெள்ளைக் கறை, ஹீட்டர் கம்பியில் சுண்ணாம்புப் படிவு, பாத்திரம் காய்ந்தால் புள்ளி புள்ளியாக உப்பு. ஆமை ஏறிக் காயும்போது ஓட்டின் மேல் நிற்கும் தண்ணீரும் ஆவியாகி அதே உப்பை விட்டுச்செல்கிறது. இது உயிருக்கு ஆபத்தில்லை. ஆனால் மாதக்கணக்கில் படிந்து தடித்தால் தகடு இயல்பாக உரிவது தடைபடலாம். உண்மையான புண் இருந்தாலும் அதன் அடியில் மறைந்து நிற்கும். வீட்டில் ஆர்.ஓ. இயந்திரம் இருந்தால் அதன் நல்ல தண்ணீரைப் போர் தண்ணீரோடு பாதிக்குப் பாதி கலந்துகொள்ளுங்கள். மழைக்காலத்தில் மாடியிலிருந்து வழியும் தண்ணீரை, முதல் மழையை விட்டுவிட்டு, அடுத்த மழையிலிருந்து பிடித்து வைத்துக்கொண்டால் இன்னும் நல்லது.

குழாயில் வரும் ஒகேனக்கல் தண்ணீரில் குளோரின் கலந்திருக்கும். வாயகன்ற வாளியில் பிடித்து ஒரு நாள் முழுக்கத் திறந்து வையுங்கள், குளோரின் போய்விடும். அவசரம் என்றால் மீன் கடையில் கிடைக்கும் குளோரின் நீக்கி சில சொட்டுப் போதும். குடிப்பதற்கென்று அரும்பாடுபட்டு வந்த தண்ணீரைத் தொட்டி தொட்டியாக ஊற்றிக் கவிழ்க்க எனக்கு மனம் ஒப்பாது. அதனால் வடிகட்டி வைத்து, தண்ணீரை நீண்ட நாள் சுத்தமாக வைத்திருப்பதையே பரிந்துரைப்பேன். தொட்டியிலிருந்து எடுக்கும் பழைய தண்ணீரைத் தென்னைக்கோ செம்பருத்திக்கோ ஊற்றுங்கள். கீரைப் பாத்திக்கு வேண்டாம், காரணம் பின்னால் சொல்கிறேன்.

ஓட்டின் நீளத்தில் ஒவ்வொரு இரண்டரை சென்டிமீட்டருக்கும் சுமார் 40 லிட்டர் என்று கணக்கிடுங்கள். 10 சென்டிமீட்டர் ஆமைக்கு 160 லிட்டர். ஆழம் ஆமையின் ஓட்டு அகலத்தைவிடக் கூடுதலாக இருக்க வேண்டும், தவறிக் கவிழ்ந்தால் அது புரண்டு நிமிர வேண்டுமே. ஆமை மீனைவிடப் பல மடங்கு அழுக்கு செய்யும். ஆகவே 160 லிட்டர் தொட்டிக்கு 400 லிட்டர் மீன் தொட்டிக்கு ஏற்ற வடிகட்டியை வாங்குங்கள். வாரம் ஒருமுறை மூன்றில் ஒரு பங்கு தண்ணீரை மாற்றுங்கள். மொத்தத் தண்ணீரையும் கவிழ்த்து, தொட்டியைத் தேய்த்துக் கழுவினால் கழிவைச் சிதைக்கும் நல்ல பாக்டீரியாவும் போய்விடும். இரண்டே நாளில் அம்மோனியா ஏறும். அம்மோனியா தேங்கிய தண்ணீரில் ஊறிக்கிடக்கும் ஓடும் தோலும் கிருமிக்குத் திறந்த கதவு.

மொட்டை மாடி சின்டெக்ஸ் தொட்டி பற்றி ஒரு எச்சரிக்கை. மே மாத மதியம் அதில் வரும் தண்ணீர் கையைச் சுடும். ஜனவரி காலையில் ஓசூரிலும் தேன்கனிக்கோட்டையிலும் அது உறைய வைக்கும். கோடையில் விடியற்காலையிலும் குளிர்காலத்தில் மதியத்திலும் தண்ணீர் மாற்றினால் ஆமைக்கு அதிர்ச்சி இருக்காது. 24 முதல் 27 டிகிரி வரை தண்ணீருக்கு ஏற்ற வெப்பம். தருமபுரியில் பெரும்பாலான மாதங்களில் ஹீட்டர் தேவைப்படாது. ஓசூர் பக்கம் டிசம்பர், ஜனவரியில் கட்டாயம் தேவை. ஆமை முட்டி உடைக்காதபடி உறை போட்ட ஹீட்டராக வாங்குங்கள்.

சிமெண்டுத் தொட்டி கட்டுபவர்கள் இரண்டு வாரமாவது தண்ணீரை நிரப்பி, மாற்றி, மீண்டும் நிரப்பி சுண்ணாம்புக் காரம் இறங்கிய பிறகே ஆமையை விடுங்கள். தரையை வழவழப்பாகப் பூசச் சொல்லுங்கள். சொரசொரப்பான சிமெண்டுத் தரை வயிற்றுப் பக்க ஓட்டை நாள்தோறும் தேய்த்துப் புண்ணாக்கும்.

வெயில்

ஓட்டெலும்பு உறுதியாக இருக்கக் கால்சியம் வேண்டும். தின்ற கால்சியம் எலும்பில் சேர வைட்டமின் டி3 வேண்டும். டி3யைத் தோலில் உருவாக்குவது வெயிலில் உள்ள யூவிபி எனும் புற ஊதாக் கதிர். இந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி விட்டாலும் ஓடு மெத்தென்று ஆகும், விளிம்பு மேல்நோக்கி வளையும், கால்கள் பலமிழக்கும்.

ஜன்னல் கண்ணாடி வழியாக வரும் வெயில் பயன்படாது. கண்ணாடி யூவிபி கதிரை ஏறத்தாழ முழுவதும் தடுத்துவிடும். தொட்டிக்கு மேல் கண்ணாடி மூடி போட்டிருந்தாலும் அதே கதை. நல்லவேளையாக நம் ஊரில் வெயிலுக்குப் பஞ்சமில்லை. காலை எட்டரை மணிக்கு மேல் அரை மணி நேரம், வாரத்தில் நான்கைந்து நாள் நேரடி வெயிலில் விடுங்கள். பாதி வெயில், பாதி நிழல் இருக்கும்படி அகலமான தொட்டியை வையுங்கள். சூடு தாங்காமல் போனால் ஆமை தானே நிழலுக்கு நகர வேண்டும். சிறிய டப்பில் நான்கு விரற்கடைத் தண்ணீரோடு மாடியில் வைத்துவிட்டுச் சமையலைக் கவனிக்கப் போகாதீர்கள். ஏப்ரலில் அந்தத் தண்ணீர் சிறிது நேரத்திலேயே ஆமையைக் கொல்லும் அளவுக்குச் சூடேறிவிடும். மேலே வலை போடுவதும் முக்கியம். காக்கையும் பருந்தும் குட்டி ஆமையைத் தூக்கிப்போகும். நாய் கடித்தால் ஓடே பிளக்கும்.

அடுக்குமாடியில் இருப்பவர்கள் ஊர்வனவற்றுக்கான யூவிபி விளக்கு வாங்க வேண்டியிருக்கும். சாதாரண எல்இடி விளக்கில் அந்தக் கதிர் இல்லை. ஆமை ஏறும் மேடைக்கு 25 முதல் 30 சென்டிமீட்டர் உயரத்தில், நடுவில் கண்ணாடியோ பிளாஸ்டிக்கோ இல்லாமல் மாட்டுங்கள். நாளுக்குப் பத்து, பன்னிரண்டு மணி நேரம் எரியட்டும். விளக்கு நன்றாக எரிவதுபோலத் தெரிந்தாலும் ஆறு மாதம் முதல் ஒரு வருடத்துக்குள் யூவிபி வற்றிவிடும். மாட்டிய தேதியை விளக்கின் அடிப்பாகத்திலேயே எழுதி வையுங்கள்.

ஏறிக் காயும் மேடை

நீர் ஆமைக்கு ஓடு முழுவதும் காய ஓரிடம் வேண்டும். காயாத ஓட்டில்தான் அழுகல் வரும். உரிய வேண்டிய தகடு உரியாமல் அடுக்கடுக்காகச் சேர்ந்து, இடையில் ஈரம் தேங்கி, அங்கே கிருமி வளர்வதும் இதனால்தான்.

கிருஷ்ணகிரியைச் சுற்றிக் கிரானைட் அறுக்கும் பட்டறைகள் நிறைய இருப்பதால் வெட்டியது போக மிச்சத் துண்டுகள் எளிதாகக் கிடைக்கும். பலரும் அதையே மேடையாக வைக்கிறார்கள். வைக்கலாம், ஆனால் மூன்று விஷயம் பார்க்க வேண்டும். அறுத்த விளிம்பு கத்தியாக இருக்கும், அதைத் தேய்த்து மழுக்கச் சொல்லுங்கள். பாலிஷ் செய்த முகத்தில் ஆமைக்குப் பிடிப்பிருக்காது, ஏறி ஏறி வழுக்கி விழும். லேசான சொரசொரப்புள்ள பின்புறம் மேலே இருக்கட்டும். கறுப்புக் கல்லை நேரடி வெயிலில் வைக்கவே வேண்டாம். அதன் மேல் உங்கள் உள்ளங்கையைப் பத்து விநாடி வைத்துப் பாருங்கள்; உங்களால் முடியாவிட்டால் ஆமையின் வயிற்று ஓடும் வேகும். விளக்கின் கீழ் மேடையின் வெப்பம் 30 முதல் 35 டிகிரி போதும். என்னைக் கேட்டால் வெளியில் வைக்கும் தொட்டிக்குப் பெயிண்டு, வார்னிஷ் அடிக்காத தடித்த மரக்கட்டைதான் நல்லது.

தீனி

நல்ல ஆமை உருண்டைத் தீனி அடிப்படை. ஒரு வேளைக்கு அதன் தலையளவு போதும். குட்டிக்குத் தினமும், வளர்ந்ததற்கு ஒருநாள் விட்டு ஒருநாள். கடைக்காரர் கொடுக்கும் காய்ந்த இறாலை மட்டும் போட்டு வளர்த்தால் கால்சியமும் வைட்டமினும் போதாமல் ஓடு கெடும். எலும்பில்லாத கோழிக்கறியும் அப்படித்தான். அதில் பாஸ்பரஸ் அதிகம், கால்சியம் மிகக் குறைவு. உணவில் கால்சியம் பாஸ்பரஸைப்போல இரு மடங்கு இருக்க வேண்டும். கிடைத்தால் பச்சை நெத்திலியை முள்ளோடு கொடுங்கள். கருவாடு கூடாது, உப்பு. சோறு, இட்லி, பிஸ்கட், ரொட்டி எதுவும் கூடாது.

வளர்ந்த ஆமைக்குப் பாதிக்கு மேல் இலைதழையாக இருக்கட்டும். முருங்கைக்கீரை நல்லது, தொட்டியில் வளரும் வேலம்பாசி நல்லது, துருவிய கேரட்டும் பரங்கிக்காயும் வைட்டமின் ஏ தரும். பாலக்கீரையில் ஆக்சலேட் அதிகம். அது கால்சியத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும் என்பதால் தவிர்த்துவிடுங்கள். மாம்பழக் காலத்தில் ஒரு சிறு துண்டு மாம்பழம் எப்போதாவது கொடுக்கலாம், வழக்கமாக்க வேண்டாம். அதிகத் தீனி போட்டு வேகமாக வளர்த்தால் தகடுகள் கூம்பு கூம்பாக எழும்பிவிடும். ஒருமுறை எழும்பியது பிறகு சமமாகாது.

கால்சியத்துக்கு எளிய வழி கணவாய் ஓடு. நாட்டு மருந்துக் கடையில் கடல் நுரை என்று கேட்டால் தருவார்கள், பறவைத் தீனி விற்கும் கடையிலும் கிடைக்கும். முதுகுப் பக்கம் உள்ள கெட்டியான ஓட்டைக் கத்தியால் செதுக்கி எடுத்துவிட்டு, மெத்தென்ற வெள்ளைப் பகுதியைத் தொட்டியில் மிதக்கவிடுங்கள். வேண்டும்போது ஆமை தானே கடித்துக்கொள்ளும். டி3 மருந்துச் சொட்டுகளை நீங்களாக வாங்கி ஊற்றாதீர்கள், அளவு மீறினால் அது நஞ்சு.

வாராந்திரப் பரிசோதனை

தண்ணீர் மாற்றும் நாளிலேயே இதையும் வைத்துக்கொள்ளுங்கள். முன்னங்காலுக்கும் பின்னங்காலுக்கும் நடுவில் இரு கைகளாலும் ஓட்டைப் பிடித்து, மெத்தைக்கோ பாய்க்கோ சற்று மேலாகத் தூக்கிப் பிடியுங்கள். உதைத்து நழுவினாலும் அடிபடாது. பகல் வெளிச்சத்தில் பாருங்கள்.

வெள்ளை தெரிகிறதா? விரலை நனைத்து அதன் மேல் தடவுங்கள். ஈரம் பட்டதும் மறைந்து, காய்ந்ததும் திரும்பி வந்தால் அது பெரும்பாலும் உப்புப் படிவு. எலுமிச்சைச் சாற்றில் இரு மடங்கு தண்ணீர் கலந்து, மென்மையான பல்துலக்கியால் தொட்டு, படிவின் மேல் மட்டும் லேசாகத் துலக்கி உடனே கழுவிவிடுங்கள். கண், மூக்கு, தோல், புண் எதன் மேலும் படக்கூடாது. மாதம் ஒருமுறைக்கு மேல் வேண்டாம். ஒரு தகட்டின் முழு வடிவத்தில் வெளிறி, ஓரம் லேசாகத் தூக்கியிருந்தால் உரியப்போகிறது என்று பொருள், விட்டுவிடுங்கள். பச்சையாக வழவழத்தால் பாசி. துலக்கினால் போகும், கெடுதல் இல்லை.

ஈரத்திலும் மறையாத வெள்ளையோ மஞ்சளோ சாம்பலோ இருந்தால் விரல் நுனியால் மெல்ல அழுத்துங்கள். அமுங்குகிறதா, குழி விழுந்திருக்கிறதா, முகர்ந்தால் அழுகல் வாடை வருகிறதா, தகட்டின் அடியில் நீர் கசிகிறதா? ஒன்றுக்கு ஆம் என்றாலும் அது ஓட்டழுகல். வயிற்றுப் பக்க ஓடு இளஞ்சிவப்பாகவோ சிவந்த கோடுகளாகவோ மாறியிருந்தால் கிருமி இரத்தத்தில் கலந்திருக்கலாம். அன்றைக்கே மருத்துவரிடம் போக வேண்டும். பிறந்து சில மாதமே ஆன குட்டியின் ஓட்டு விளிம்பு லேசாக வளைந்துகொடுப்பது இயல்பு. ஒரு வயதுக்குப் பிறகும் வளைந்தால் இயல்பு அல்ல.

பரிசோதனை முடிந்ததும் சோப்புப் போட்டுக் கைகழுவுங்கள். ஆரோக்கியமான ஆமையின் உடலிலும் சால்மொனெல்லா கிருமி இருக்கலாம். 10 சென்டிமீட்டருக்குக் குறைந்த ஆமைகளை விற்க அமெரிக்கா 1975இல் தடை விதித்ததே குழந்தைகளுக்கு இந்தக் கிருமி தொற்றியதால்தான். தொட்டித் தண்ணீர் கீரைக்கு வேண்டாம் என்றதும், சமையலறைத் தொட்டியில் ஆமைச் சாமான்களைக் கழுவ வேண்டாம் என்பதும் இதற்காகவே.

அழுகலோ விரிசலோ கண்டால்

மருத்துவரைப் பார்க்கும் வரை செய்யக்கூடியது இவ்வளவுதான். போவிடோன் அயோடின் கரைசலில் ஒரு பங்குக்குப் பத்துப் பங்கு தண்ணீர் சேர்த்து, அந்த இடத்தைப் பஞ்சால் ஒற்றிச் சுத்தம் செய்யுங்கள். உலர்ந்த துணி விரித்த அகலமான டப்பாவில், வெதுவெதுப்பான இடத்தில் வையுங்கள். தினமும் அரை மணி நேரம் சுத்தமான ஆழமற்ற தண்ணீரில் விட்டுக் குடிக்கவும் தின்னவும் வாய்ப்புக் கொடுத்து, மீண்டும் உலர்த்துங்கள். குழியைக் குத்திச் சுரண்டுவது, மஞ்சள், எண்ணெய், நகப்பூச்சு, பெயிண்டு எல்லாம் கூடாது. விரிசலில் உடனடிப் பசையை ஊற்றி ஒட்டினால் கிருமியையும் உள்ளே வைத்து மூடிவிடுவீர்கள். விரிசல் விழுந்த ஆமையைத் தண்ணீரில் விடாமல், ஈரமற்ற சுத்தமான துணியால் சுற்றி அப்படியே கொண்டுசெல்லுங்கள்.

உள்ளூர்க் கால்நடை மருந்தகங்களில் மாடும் ஆடும்தான் பெரும்பாலான நோயாளிகள். ஊர்வன பார்க்கும் மருத்துவர் இருக்கிறாரா என்று முதலிலேயே தொலைபேசியில் கேட்டுவிடுங்கள். தருமபுரிக்காரர்களுக்கு நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரி எட்டும் தூரம். ஓசூர்க்காரர்களுக்குப் பெங்களூரு பக்கம். ஆமை நன்றாக இருக்கும்போதே அந்த எண்ணை வாங்கி வைத்திருங்கள்.

பராமரிக்க முடியாமல் போனால் ஒகேனக்கல்லிலோ கே.ஆர்.பி. அணையிலோ விட்டுவிடலாம் என்ற எண்ணம் மட்டும் வேண்டவே வேண்டாம். உலகின் மோசமான 100 ஊடுருவல் இனங்களின் பட்டியலில் இந்த ஆமையும் இருக்கிறது. நம் காவிரியோரம் லீத் மென்னோட்டாமை போன்ற அரிய உள்நாட்டு இனங்கள் ஏற்கெனவே தட்டுத்தடுமாறிப் பிழைத்திருக்கின்றன. வளர்க்கத் தெரிந்த வேறொருவரைத் தேடி, தொட்டி, விளக்கு, வடிகட்டியோடு ஒப்படையுங்கள்.

மருத்துவரிடம் போகும் நாளில் காற்றுத் துளையிட்ட டப்பாவில், தண்ணீர் இல்லாமல், துண்டை விரித்து ஆமையை வையுங்கள். பஸ்ஸில் தண்ணீரோடு கொண்டுபோனால் குலுங்கிக் கவிழ்ந்து மூச்சு முட்டும். தொட்டித் தண்ணீரை ஒரு பாட்டிலில் தனியாக எடுத்துச்செல்லுங்கள். விளக்கு மாட்டிய தேதி, கொடுக்கும் தீனி, திட்டை முதலில் பார்த்த நாள், அன்றைக்கு எடுத்த புகைப்படம் ஆகியவற்றையும் கையில் வைத்திருங்கள். மருத்துவர் முதலில் கேட்பது இவற்றைத்தான்.